வியாழக்கிழமை செத்து ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வந்தவர்

அன்புள்ள முரளி,

யாருமே நம்ப மாட்டாத ஒரு கதையை இந்தக் கடிதத்தில் எழுதப் போகிறேன் என்று, மொன்றியல் துறைமுகத்தில் என் பொறுப்பில் நிற்கும் அத்தனை பாரந்தூக்கிகள் மீதும், அவை தூக்கி இறக்கிய அத்தனை கப்பல் சரக்கு மீதும் ஆணையிட்டுச் சொல்கிறேன். நீ நம்ப வேண்டாம். நம்பினால்தான் எனக்கு அவமானம். கோட்-டெ-நெய்ஜ் பகுதியில் நம் கட்டடத்துப் பிள்ளைகள் எல்லோரும் என்னைப் 'புளுகு மாமா' என்றுதான் கூப்பிட்டார்கள். நீயும் அவர்களோடு சேர்ந்துகொண்டு, பெற்ற தகப்பனை அப்பா என்று கூப்பிட்டதைவிடப் புளுகு மாமா என்று கூப்பிட்டதுதான் அதிகம். எனக்கு அதில் வருத்தமில்லை. அது நான் உழைத்துச் சம்பாதித்த பட்டம். பனி நான்காவது மாடி வரை ஏறியபோது ஜன்னலைத் திறந்து அப்படியே நடந்து வேலைக்குப் போனவன் நான். போகிற வழியில் கால் தட்டியது தேவாலயத்தின் கோபுரச் சிலுவை என்பதைத் திரும்பி வரும்போதுதான் கவனித்தேன். இதையெல்லாம் வாயைப் பிளந்துகொண்டு கேட்டுவிட்டு, "பொய்தானேப்பா?" என்று ஒவ்வொரு தடவையும் நீ கேட்பாய். அந்தக் கேள்விக்காகத்தான் நான் புளுகியதே.

போன வியாழக்கிழமை வான்கூவருக்கு உனக்குப் போன் செய்து, "ஹெய்ன்ஸ் மாமா காலமாயிட்டார்டா" என்றேன். கம்பிக்குள் காற்று இரைகிற சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, "ஞாயித்துக்கிழமை வந்துடுவார், விடுப்பா" என்று சொல்லி வைத்துவிட்டாய்.

அந்த ஒரு வரிக்காகத்தான் இவ்வளவு நீளக் கடிதம். நான் கோபத்தில் எழுதவில்லை. உலகத்தில் அந்த வரியைச் சொல்ல உரிமை உள்ள ஒரே ஆள் நீதான், அதுவும் எனக்குத் தெரியும். ஆனால் அதற்குப் பின்னால் உனக்குத் தெரியாதது ஒன்று இருக்கிறது. சொல்லக் கூடாது என்று அந்த மனிதர் இத்தனை வருஷமாக என் வாயைக் கட்டி வைத்திருந்தார். கட்டியவர் போய்விட்டார். இனி என் வாய்க்கு நான் பொறுப்பில்லை.

ஹெய்ன்ஸைக் கண்டுபிடித்தது உன் அம்மா. கொலம்பஸ் அமெரிக்காவைக் கண்டுபிடித்ததெல்லாம் இதற்கு முன்னால் ஒன்றுமில்லை. கொலம்பஸ் தேடிக்கொண்டு போனான், இவள் துணிக்கூடையோடு போனாள். உலகக் கண்காட்சி முடிந்த குளிர்காலம். கட்டடத்தின் அடித்தளத்தில் துணி துவைக்கும் அறை. உள்ளே நுழைந்தால், சலவை இயந்திரங்களுக்கு நடுவே ஓர் உயரமான வெள்ளைக்காரர் கை ஒரு பக்கம், கால் ஒரு பக்கமாக, கண் மேலே செருகிக் கிடக்கிறார். அவள் போட்ட கூச்சலில் செயின்ட் லாரன்ஸ் நதியின் பனிக்கட்டி பிளந்து, அந்த வருஷம் வசந்தகாலம் இரண்டு மாதம் முன்னாலேயே வந்துவிட்டது. கூச்சலோடு நிற்கவில்லை, பக்கத்து வாளியிலிருந்த அலசின தண்ணீரைத் தூக்கி அவர் முகத்தில் கொட்டினாள். பிணம் ஒரு கண்ணை மட்டும் திறந்து, "மேடம், நம்பும்படி இருந்ததா?" என்று கேட்டது.

உன் அம்மாவைப் பற்றி நீ தெரிந்துகொள்ள வேண்டியது எல்லாம் அவள் சொன்ன பதிலில் இருக்கிறது. காலி வாளியைக் கையில் பிடித்தபடியே, "நம்புற மாதிரிதான் இருந்துச்சு. ஆனா கால் கட்டைவிரல் ஆடிச்சு" என்றாள்.

அந்த மனிதர் எழுந்து உட்கார்ந்து, தலையிலிருந்து சோப்புத் தண்ணீர் சொட்டச் சொட்ட, தன் கட்டைவிரலைத் துரோகியைப் பார்ப்பதுபோலப் பார்த்தாராம். "இத்தனை வருஷத்தில் ஒரு டைரக்டர்கூடச் சொன்னதில்லை" என்றாராம்.

அவருடைய தொழிலைப் பற்றி உனக்கு ஒழுங்காகச் சொன்னதே இல்லை. ஹாம்பர்க்கில் ஒரு சின்ன நாடக அரங்கில் தட்டு ஏந்தி வருபவராகத் தொடங்கினார். பிறகு ஜெர்மன் படங்களில் தபால்காரர், விடுதிக்காரர், சாட்சி சொல்ல வந்து உளறுகிறவர், கல்யாணத்தில் மூன்றாவது வரிசையில் அழுகிற சித்தப்பா. அவர் முகம் அந்த நாட்டில் எல்லோருக்கும் தெரியும். பெயர் யாருக்கும் தெரியாது. ரயிலில் எதிரே உட்கார்ந்தவர்கள் "நாம் எங்கேயோ சந்தித்திருக்கிறோமே, நீங்கள் என் மனைவியின் ஊர்க்காரரா?" என்பார்களாம். அதுதான் தனக்குக் கிடைத்த பெரிய விருது என்பார். கண்காட்சிக்கு வந்த ஒரு நாடகக் குழுவோடு மொன்றியல் வந்தார். ஒரு பிரெஞ்சுக்காரப் பெண்மணிக்காக இங்கேயே தங்கினார். அந்தப் பெண்மணி தங்கவில்லை.

இங்கே ஜெர்மன் உச்சரிப்புக்கு இருந்தது ஒரே வேலைதான். சீருடையை மாட்டிக்கொண்டு சாவது. அதைத்தான் அன்று, பக்கத்துத் தெருவிலிருந்து துணி துவைக்க வந்த இடத்தில் ஒத்திகை பார்த்திருக்கிறார். கர்னல், காவலாளி, உளவாளி, ஊசி போடுகிற கெட்ட டாக்டர், எதுவானாலும் முதல் விளம்பரம் வருவதற்குள் தீர்த்துவிடுவார்கள். "நிஜ யுத்தத்தில் எனக்கு இவ்வளவு நல்ல பூட்ஸ் தரவில்லை, நான் சமையல்கூடத்தில் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தேன்" என்பார். சில தொடர்களைப் பிரெஞ்சில் குரல் மாற்றி மறுபடி போடுவார்கள். ஆங்கிலத்தில் வியாழக்கிழமை செத்தவரே பிரெஞ்சில் சனிக்கிழமையும் சாவார். இரண்டு மொழி பேசுகிற ஊரில் இரண்டு தடவை செத்தால்தான் மரியாதை என்று நான் சொல்வேன்.

அவர் சாவதை நாம் முதல் முறை பார்த்த வியாழக்கிழமை, சுட்ட சத்தம் அடங்கியதும் உன் அம்மா டிவியை அணைத்துவிட்டு, "எந்திரிங்க, குளிக்கணும்" என்றாள்.

"எதுக்குடி? டிவியிலதானே செத்தார்?"

"தெரிஞ்சவர் செத்ததைக் கண்ணால பார்த்துட்டு, தலை முழுகாம எப்படிச் சோத்துல கை வைக்கிறது?"

ஜனவரி மாதம். நான் தலை முழுகினேன். தலைமுடி உறைந்து கொம்பு கொம்பாக நின்றது. மறுநாள் துறைமுகத்தில் என்னைக் கலைமான் என்று நினைத்துக் கையெழுத்து வாங்காமலே உள்ளே விட்டார்கள். அதோடு விட்டாளா? "ஞாயித்துக்கிழமை அவரைச் சாப்பிடக் கூப்பிடுங்க. சுத்திப் போடணும். எமன் பாட்டுக்கு நிஜம்னு நெனச்சுட்டா?" என்றாள். கூடப் பிறந்தவர்கள் யாரும் இல்லாதவள் அவள். அந்த ஞாயிற்றுக்கிழமை அவர் வாசலில் வந்து நின்றபோது, "வாங்கண்ணா" என்றாள். அந்த ஒரு வார்த்தையில் எனக்கு ஆறடி உயரத்தில் ஒரு ஜெர்மன் மச்சானும், உனக்கு ஒரு தாய்மாமனும் கிடைத்தார்கள்.

அன்றிலிருந்து அதுவே நம் வீட்டு வழக்கமாகிவிட்டது. அவர் வியாழக்கிழமை சாவார், ஞாயிற்றுக்கிழமை மணி அடிப்பார். உப்பும் காய்ந்த மிளகாயும் உன் பொறுப்பு. பிடியில் இறுக்கிக்கொண்டு காலையிலிருந்தே வாசலில் நிற்பாய். அவர் வந்ததும் அம்மா உன் கையைப் பிடித்து, அவரை மூன்று சுற்றுச் சுற்றி, "ஊர்க் கண்ணு, உறவுக் கண்ணு, கேமரா கண்ணு, டைரக்டர் கண்ணு" என்று சொல்லி, இரும்புச் சட்டியில் போடுவாள். கட்டடமே இருமும். கட்டடத்தைப் பார்த்துக்கொள்கிற கீழ் வீட்டு மதாம் மூக்கில் கைக்குட்டையோடு ஏறி வந்து பிரெஞ்சில் திட்டுவார். ஹெய்ன்ஸ் அவருக்குத் தலை வணங்கி, "மன்னியுங்கள் மதாம், நான் உயிர் பிழைத்திருக்கிறேன்" என்பார். அவர் முதலில் கற்றுக்கொண்ட தமிழ் வார்த்தை 'போதும்'. அம்மா ரசம் ஊற்றுகிற வேகத்துக்கு அந்த வார்த்தை இல்லாமல் உயிர் வாழ முடியாது. ஒரு தொடரில் தளபதியாகக் குண்டடிபட்டு விழுந்தவர், கடைசி மூச்சில் என்ன வேண்டுமானாலும் முணுமுணுக்கலாம் என்று டைரக்டர் விட்டுவிட, "போதும்மா... போதும்" என்று சொல்லிவிட்டுச் செத்தார். கனடா முழுக்க அதை ஜெர்மன் என்று நினைத்துக்கொண்டது. நாம் மூன்று பேர் மட்டும் சோபாவிலிருந்து உருண்டு விழுந்து சிரித்தோம்.

கட்டைவிரல் மட்டும் அடங்கவில்லை. கட்டிலில் படுத்துச் சாகிற காட்சிகளில் போர்வைக்குள்ளே ஆடிக் காட்டிக்கொடுத்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர் அதைச் சொல்லிப் புலம்பியபோது, உன் அம்மா மோரைக் கரண்டியால் கலக்கிக்கொண்டே, "எங்க ஊர்ல செத்தவங்களுக்கு ரெண்டு கட்டைவிரலையும் சேர்த்துக் கட்டிருவோம்ணா. அப்புறம் ஆடவே ஆடாது. நீங்களும் கட்டிக்கிட்டுப் படுங்க" என்று சிரித்தாள். வேடிக்கைக்குச் சொன்னாள். அவர் தொழில்காரர், வேடிக்கையாக எடுத்துக்கொள்ளவில்லை. அவளிடமே ஒரு பழைய வேட்டிக் கிழிசலைக் கேட்டு வாங்கிக்கொண்டு போனார். அடுத்த தடவை டிவியில் அவர் கட்டிலில் கிடந்தபோது, உலகத்திலேயே மிக அசையாத பிணம் அவர்தான். நீ என் காதில் வாயை வைத்து, "உள்ளே கட்டியிருக்கார்ப்பா. யார்கிட்டயும் சொல்லாதே" என்றாய். உனக்கு அப்போது ஏழு வயதுகூட ஆகவில்லை. உலகத்தில் உனக்குத் தெரிந்த முதல் தொழில் ரகசியம் அது.

இனிமேல் கொஞ்ச தூரத்துக்கு எனக்குப் புளுக வராது. பொறுத்துக்கொள்.

உன் அம்மாவுக்குக் காய்ச்சல் வந்தது. சாதாரணக் காய்ச்சல் என்று நினைத்தோம். ஊர் நடுவே மலைமேல் இருக்கிற ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். செய்ய முடிந்ததையெல்லாம் செய்தார்கள். அந்த வாரம் முடிவதற்குள் அவள் இல்லை. உன்னை மடியில் உட்கார வைத்து, "அம்மா செத்துப்போயிட்டாங்கடா" என்றேன். நீ என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாய். "பொய்தானேப்பா?" என்று கேட்பாய் என்று காத்திருந்தேன். நீ கேட்கவில்லை. "சரிப்பா" என்றாய். பிள்ளைக்கு இன்னும் புரியவில்லை, மெதுவாகப் புரியட்டும் என்று விட்டுவிட்டேன்.

தகனத்துக்கு முன்னால், இந்த ஊர் வழக்கப்படி ஒரு கூடத்தில் அவளைக் கிடத்தியிருந்தார்கள். அப்போது மொன்றியலில் நம் ஊர்க்காரர்கள் ஒரு பஸ்ஸில் அடங்கிவிடுவோம். அத்தனை பேரும் வந்திருந்தார்கள். நம் ஊர் டாக்டர் ஒருவரின் மனைவி, தனக்குத் தெரிந்த முறைப்படி, அம்மாவின் கட்டைவிரல்கள் இரண்டையும் வெள்ளைத் துணியால் சேர்த்துக் கட்டினார். நீ தலைமாட்டுக்கு வரவே இல்லை. கால்மாட்டில் போய் நின்றாய். கட்டைப் பார்த்தாய். சிரித்தாய். அந்தச் சிரிப்பைப் பார்த்துப் பெண்கள் எல்லோரும் அழுதார்கள். நீ ஹெய்ன்ஸின் கோட்டைப் பிடித்து இழுத்துக் குனிய வைத்து, அவர் காதில் ஏதோ சொன்னாய். அத்தனை தடவை செத்த முகம் அது. அன்றைக்குத்தான் அது நிஜமாகச் செத்ததைப் பார்த்தேன். நீ என்ன சொன்னாய் என்று அவர் எனக்கு ரொம்ப நாள் கழித்துத்தான் சொன்னார். "அம்மாவும் கட்டியிருக்காங்க, பார்த்தீங்களா?"

ஞாயிற்றுக்கிழமை வந்தது. நான் சமையலறையில் ரசம் என்ற பெயரில் எதையோ கொதிக்க வைத்துக்கொண்டிருந்தேன். நீ காலையிலேயே குளித்துவிட்டு, ஸ்டூலைப் போட்டு ஏறி டப்பாவிலிருந்து உப்பும் மிளகாயும் எடுத்துக்கொண்டு வாசலில் நின்றாய். எனக்கு வினோதமாகப் படவில்லை. ஞாயிற்றுக்கிழமை, ஹெய்ன்ஸ் வருகிற நாள், நீ நிற்பது வழக்கம்தானே என்று இருந்துவிட்டேன். மணி அடித்தது. நீ கதவைத் திறந்தாய். ஹெய்ன்ஸ் நின்றிருந்தார். நீ அவரைப் பார்க்கவில்லை. அவரைத் தாண்டி நடையைப் பார்த்தாய். லிஃப்ட் கதவைப் பார்த்தாய்.

"நீங்க மட்டுமா வந்தீங்க? அம்மா எங்கே?"

அவர் மண்டியிட்டு உட்கார்ந்தார். பனி ஒட்டிய கோட்டைக்கூடக் கழற்றவில்லை.

"எப்படித் திரும்பி வர்றதுன்னு அம்மாவுக்குச் சொல்லித் தரலையா நீங்க?"

"அது எனக்குத் தெரியாது, முரளி" என்றார். ஆங்கிலத்தில்தான் சொன்னார், ஆனால் எனக்கு அது இன்றுவரை தமிழில்தான் கேட்கிறது. "நான் செத்ததே இல்லை. ஒரு தடவைகூட இல்லை. நான் செய்ததெல்லாம் விளையாட்டு. அம்மா விளையாடவில்லை."

"பொய்! அம்மா கட்டியிருந்தாங்க. நான் பார்த்தேன்!"

கையிலிருந்ததை அப்படியே அவர் முகத்தில் எறிந்தாய். உப்பும் மிளகாயும் கண்ணில் விழுந்தன. அவர் துடைக்கவில்லை. நீ ஓடிக் குளியலறைக் கதவைத் தாழ் போட்டுக்கொண்டாய். நான் கரண்டியோடு நின்றேன். இத்தனை புளுகு தெரிந்தவனுக்கு, உன்னைத் தேற்ற அன்றைக்கு ஒரு பொய்கூட வாய்க்கு வரவில்லை. உனக்கும் ஒரு நாள் பிள்ளை பிறக்கும். அப்போது ஒன்றே ஒன்றை மட்டும் என்னிடமிருந்து எடுத்துக்கொள். பிள்ளை 'சரிப்பா' என்று சொன்னால் நிம்மதியாக எழுந்து போய்விடாதே. எதற்குச் சரி என்று கேள்.

அதற்குப் பிறகு நீ அவர் பக்கத்தில் உட்காரவில்லை. ஞாயிற்றுக்கிழமையானால் ஹாக்கி மட்டையை எடுத்துக்கொண்டு வில்லரேயில் உன் நண்பன் வீட்டுக்குப் போய்விடுவாய். அவரும் வருவதை நிறுத்தவில்லை. மணி அடிப்பார், நான் திறப்பேன், என் ரசத்தைக் குடித்துவிட்டு "போதும்" என்பார். அதில் முன்பிருந்ததைவிட அர்த்தம் கூடியிருந்தது. உன் தட்டையும் வைக்கச் சொல்வார். சாப்பிட்டுக் கிளம்பும்போது அதைக் கழுவி வைத்துவிட்டுப் போவார்.

உனக்குத் தெரியாதது இனிமேல்தான் வருகிறது. நீ உப்பை எறிந்த அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு அடுத்த வாரம் அவருக்குப் படப்பிடிப்பு இருந்தது. ஒரு கர்னல், இரண்டாவது காட்சியில் குண்டு. ஹெய்ன்ஸ் போய், சீருடை போட்டுக்கொண்டு, மேக்கப் போட்டுக்கொண்டு, குண்டு வெடித்ததும் விழாமல் நின்றார். மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் நின்றார். டைரக்டர் என்ன என்று கேட்டதற்கு, "காயம் படுகிறேன். கைதாகிறேன். ஓடிப்போகிறேன். சாக மாட்டேன்" என்றாராம். அவருக்கு வேலை பிடித்துத் தருகிற ஏஜென்ட் போனில் கத்தியது எங்கள் துறைமுகத்தில் கப்பல் சங்கையும் மீறிக் கேட்டது. "சாகாத ஜெர்மன்காரனை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய?"

ஏஜென்ட் கேட்டது நியாயம்தான். அந்த முகத்தை, அந்தக் குரலை, இந்த ஊர் கூப்பிட்டது சுடுவதற்காக மட்டும்தான். கூப்பிடுவது நின்றது. சாசேஜ் விளம்பரத்தில் தொந்தியைத் தடவிக்கொண்டு சிரித்தார். ஒரு குளிர்பெட்டிக்குக் குரல் கொடுத்தார். கதவைத் திறந்தால் பேசுகிற குளிர்பெட்டி. பிறகு பிரெஞ்சுத் தொலைக்காட்சியில் பிள்ளைகள் நிகழ்ச்சி ஒன்றில், துணி எலி ஒன்றோடு பேசுகிற கடிகாரம் பழுது பார்க்கும் கிழவர். அந்தக் கிழவர் ஒவ்வொரு வாரமும் மேசைமேல் தலை வைத்துத் தூங்கிவிடுவார், எலி காதைக் கடித்து எழுப்பும், எழுந்துவிடுவார். அப்படி எழுத வைத்தது அவர்தான். ஒவ்வொரு வாரமும் கட்டாயம் எழுந்திருக்க வேண்டும் என்று அடம் பிடித்தார். பள்ளிக்கூடத்தில் உன் சிநேகிதர்கள் அவரை 'எலித் தாத்தா' என்று சொல்லிச் சிரித்தபோது நீயும் சேர்ந்து சிரித்தாய். வீட்டில் அந்த நிகழ்ச்சி வந்தால் டிவியை அணைத்துவிட்டு வெளியே போவாய். நான் உன்னைக் குற்றம் சொல்லவில்லை. சொல்ல வேண்டியது என்னிடம் இருந்தது, சொல்வதில்லை என்று அவருக்கு வாக்குக் கொடுத்திருந்தேன்.

உன் மேலுதட்டில் பூனைமயிர் அரும்பிய வருஷம், ஐரோப்பாவிலிருந்து ஒரு பெரிய டைரக்டர் படம் எடுக்க மொன்றியல் வந்தார். கிழவர் வேஷத்துக்கு ஆள் தேடிக் களைத்துப்போனவர், ஒரு ஹோட்டல் அறையில் டிவியில் எலியோடு பேசிக்கொண்டிருந்த இவர் முகத்தைப் பார்த்திருக்கிறார். படத்தின் நடுநாயகமான வேஷம். கதையை நம் சோபாவில் உட்கார்ந்துதான் படித்தார் ஹெய்ன்ஸ். படித்து முடித்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வாழ்க்கை முழுக்கப் பெயர் தெரியாமல் இருந்த மனிதருக்கு, பெயரைச் சுவரொட்டியில் போடுகிற மாதிரி ஒரு வேஷம். கடைசிக் காட்சியில் அந்தக் கிழவர் மகனுடைய கையைப் பிடித்துக்கொண்டு சாகிறார்.

"அவர் சாவதற்குப் பதிலாக ரயிலேறிப் போவதாக வைக்க முடியுமா?" என்று டைரக்டரிடம் கேட்டாராம். முடியாது என்றார்கள். இவரும் முடியாது என்று சொல்லிவிட்டு, மெத்ரோ ரயிலில் ஏறி நேராக நம் வீட்டுக்கு வந்தார். நான் பால்கனியில் வைத்துக் கத்தினேன். கீழ் வீட்டு மதாம் மிளகாய் என்று நினைத்துக் கைக்குட்டையோடு வெளியே வந்தார்.

"பைத்தியமா மச்சான் உங்களுக்கு? அவனுக்கு மீசை முளைக்குது. செத்தவங்க வர மாட்டாங்கன்னு அவனுக்குத் தெரியாதா?"

"தெரியும். அதனால்தான். தெரியாத பிள்ளை முன்னால் விளையாடினேன். தெரிந்த பிள்ளை முன்னால் எப்படி விளையாடுவது?"

"உங்க படத்தை அவன் பார்க்கிறதே இல்லையே!"

"ஒரு நாள் பார்த்துவிடுவான். பஸ்ஸுக்கு நிற்பான். கடை ஜன்னலில் டிவி ஓடும். அப்போது நான் செத்துக்கொண்டிருக்கக் கூடாது."

"அப்ப அவன்கிட்ட இதையாவது சொல்றேன்."

"சொல்லாதீர்கள். சொன்னால் அவன் எனக்கு நன்றி சொல்ல வேண்டியிருக்கும். அந்த வேஷம் அவனுக்கு வேண்டாம்."

அந்தப் படம் வேறொருவரை வைத்து வந்தது. நாங்கள் இரண்டு பேரும் போய்ப் பார்த்தோம். வேஷம் போட்டவர் நன்றாகத்தான் செத்தார். கொட்டகையில் எல்லோரும் அழுதார்கள். வெளியே வந்ததும் ஹெய்ன்ஸ் என் முழங்கையைப் பிடித்து, "கட்டைவிரல் ஆடியது, கவனித்தீர்களா?" என்றார். அன்று மெத்ரோவில் வீடு வரை சிரித்தோம். எதிரே உட்கார்ந்த ஒரு பெண்மணி அவரையே பார்த்துவிட்டு, "உங்களை எங்கேயோ பார்த்திருக்கிறேனே" என்றார். "எலியோடு" என்றார் ஹெய்ன்ஸ்.

போன மாதம் நெஞ்சு வலி என்று ஆஸ்பத்திரியில் சேர்த்தேன். அம்மா இருந்த அதே மலைமேல் ஆஸ்பத்திரிதான். உன்னிடம் சொல்லட்டுமா என்று கேட்டேன். பரீட்சை முடியட்டும் என்றார். வான்கூவரில் பனி குறைவாமே, பிள்ளை ஹாக்கி எங்கே விளையாடுவான் என்று கவலைப்பட்டார். புதன்கிழமை நான் போனபோது கண்ணை மூடிக் கிடந்தார். ஒரு கண்ணை மட்டும் திறந்து, "நம்பும்படி இருக்கிறதா?" என்றார்.

"இல்லை மச்சான். கட்டைவிரல் ஆடுது."

போர்வை அசையச் சிரித்தார். மறுநாள் ஆடவில்லை. வியாழக்கிழமை. பாவி மனிதருக்குத் தொழில் பழக்கம் கடைசி வரை விடவில்லை.

நர்ஸிடம் ஒரு துண்டு வெள்ளைத் துணி கேட்டேன். எதற்கு என்றாள். "இவர் நடிகர். இவருக்கு விரல் ஆடுகிற பழக்கம் உண்டு" என்றேன். என்னைக் கிறுக்கன் என்று நினைத்திருப்பாள். ஆனாலும் கொடுத்தாள். கட்டினேன். முடிச்சுப் போடும்போதுதான் எனக்குக் கை நின்றுவிட்டது, முரளி. அன்றைக்கு நீ அந்தக் கூடத்தில் எந்த இடத்தில் நின்றாயோ, அந்தக் கால்மாட்டில் நான் நின்றுகொண்டிருந்தேன். அங்கிருந்து பார்த்தால் முகம் தெரிவதில்லை. கட்டு மட்டும்தான் தெரிகிறது.

சனிக்கிழமை தகனம் முடிந்தது. சாம்பலை நான் இன்னும் வாங்கவில்லை. "இவருக்கு ஒரு மருமகன் இருக்கிறான், வருவான்" என்று சொல்லி வைத்திருக்கிறேன். நதியில் பனி உடைந்ததும் துறைமுகத்துப் பக்கம் நாம் இரண்டு பேரும் கொண்டுபோய்க் கரைக்கலாம். எந்த இடத்தில் நீர் வேகமாக ஓடுகிறது என்று எனக்குத் தெரியும். நீ அவருக்கு நன்றி சொல்ல வேண்டாம், மன்னிப்பும் கேட்க வேண்டாம். இரண்டும் அவருக்குப் பிடிக்காத வேஷங்கள். வந்தால் போதும். ஞாயிற்றுக்கிழமையாக வந்தால் இன்னும் நல்லது. அந்த மணியை யாராவது அடிக்க வேண்டும்.

சரி, ஒப்புக்கொள்கிறேன். பனி நான்காவது மாடி வரை ஏறவில்லை. உன் அம்மாவின் கூச்சலுக்கு நதி பிளக்கவில்லை. என் தலையில் கொம்பு முளைக்கவில்லை. மற்றதிலும் எதையெல்லாம் தள்ள வேண்டுமோ, நீயே தள்ளிக்கொள்; புளுகு மாமாவின் பேச்சைச் சலித்தெடுக்க உன்னைவிடத் தேர்ந்தவன் யார்? ஆனால் ஒரு சின்ன விஷயம் நிஜம்.

நேற்று ஞாயிற்றுக்கிழமை. நீ போனில் சொன்னது காதிலேயே இருந்தது. சோறு வடித்து, ரசம் வைத்து, மூன்று தட்டு எடுத்து வைத்தேன். இரும்புச் சட்டியை அடுப்பில் ஏற்றினேன். உப்பையும் மிளகாயையும் கையில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு, கதவைத் திறந்து வைத்து வாசலில் நின்றேன். லிஃப்ட் நம் மாடியில் நின்ற ஒவ்வொரு தடவையும் கையைத் தூக்கினேன். சோறு ஆறிப்போனது. உப்பு கையிலேயே கரைந்துவிட்டது. அது மட்டும் நிஜம்.

அப்பா